எச்சரிக்கை விளக்கு சொல்லும் செய்தி

சாவியைத் திருப்பியதும் மகிழுந்தின் முகப்புப் பலகையில் பல விளக்குகள் ஒளிர்கின்றன. இயந்திரம் இயங்கத் தொடங்கியவுடன் அவை அணைந்துவிடும். ஆனால், சில வேளைகளில் ஒரு விளக்கு மட்டும் அணையாமல் எரிந்துகொண்டே இருக்கும். இயந்திர வடிவில், மஞ்சள் நிறத்தில் ஒளிரும் அந்த விளக்கைக் கண்டதும் ஓட்டுநரின் மனத்தில் இரண்டு கேள்விகள் எழுகின்றன. எது கெட்டுப்போயிற்று? அதைச் சரிசெய்ய எவ்வளவு செலவாகும்?

இவ்விரண்டு கேள்விகளுக்கும் நடுவே மூன்றாவது கேள்வி ஒன்று உண்டு. அதைப் பலர் கேட்பதில்லை. ‘அதுதான் கெட்டுப்போயிற்று என்று எப்படி உறுதியாகத் தெரியும்?’ என்பதே அக்கேள்வி. பழுது பார்த்தலின் பெரும்பகுதி இந்தக் கேள்விக்கு விடை காண்பதில்தான் அடங்கியிருக்கிறது.

ஒரு குடும்பத்தின் கதை

தைப்பிங்கில் வாழும் ஒரு குடும்பத்தை எடுத்துக்காட்டாகக் கொள்ளலாம். அக்குடும்பத்தில் மகிழுந்து ஒன்றுதான். தந்தை வேலைக்குச் செல்வதற்கும் அதுவே. பாட்டியை வாரம் மூன்று முறை சிறுநீரகச் சுத்திகரிப்பு மையத்திற்கு அழைத்துச் செல்வதற்கும் அதுவே. மகிழுந்து இரண்டு நாள் பட்டறையில் நின்றால் வீட்டின் ஒழுங்கே குலைந்துவிடும்.

சென்ற ஆண்டு அந்த விளக்கு முதன்முறையாக எரிந்தது. இயந்திரத்தினுள் எரிபொருள் குறைவாகவும் காற்று மிகுதியாகவும் இருப்பதாகக் குறியீடு காட்டியது. “ஆக்ஸிஜன் உணரியை மாற்றினால் எல்லாம் சரியாகிவிடும்,” என்றார் தெரிந்தவர் ஒருவர். தந்தை சில நூறு ரிங்கிட் செலவிட்டுப் புதிய உணரியை வாங்கிப் பொருத்தினார். மூன்றாம் நாள் விளக்கு மீண்டும் எரிந்தது. பிறகு பட்டறையில் சோதித்தபோதுதான் உண்மை வெளிப்பட்டது. இயந்திரத்திற்குக் காற்றைக் கொண்டு செல்லும் பகுதியில் இருந்த சிறிய இரப்பர்க் குழாயில் வெடிப்பு விழுந்திருந்தது. அதன் வழியாகக் கணக்கில் வராத காற்று உள்ளே புகுந்திருக்கிறது. ஆக்ஸிஜன் உணரி அதைக் கண்டறிந்து, உள்ளதை உள்ளபடியே சொல்லியிருக்கிறது. உண்மையைச் சொன்ன தூதனைத்தான் குற்றவாளி என்று எண்ணிக் கழற்றி எறிந்துவிட்டார்கள்!

இவ்வாண்டு அதே விளக்கு மீண்டும் எரிகிறது. இம்முறை வேறு அறிகுறிகளும் தென்படுகின்றன. காலையில் இயந்திரத்தை இயக்கியவுடனேயே ரேடியேட்டரின் மின்விசிறி சுழலத் தொடங்கிவிடுகிறது. எரிபொருளும் வழக்கத்தைவிட விரைவில் தீர்ந்துபோகிறது. தந்தை சிறிய ஸ்கேனர் ஒன்றைப் பொருத்திப் பார்க்கிறார். ‘பி0118’ என்னும் குறியீடு திரையில் தோன்றுகிறது. குளிர்விப்புத் திரவத்தின் வெப்பநிலை உணரியைச் சார்ந்த குறியீடு அது.

“அப்படியென்றால் உணரி கெட்டுவிட்டது. இன்றைக்கே போய் ஒன்று வாங்கி வருகிறேன்,” என்கிறார் தந்தை.

நான்காம் படிவத்தில் இயற்பியல் பயிலும் மகள் அவரைத் தடுக்கிறாள். “அப்பா, உணரி கெட்டுவிட்டது என்று குறியீடு சொல்லவில்லையே! உணரியின் மின்சுற்றில் மின்னழுத்தம் மிகுதி என்றுதானே சொல்கிறது?”

“இரண்டும் ஒன்றுதானேம்மா?”

“இல்லை அப்பா. கம்பி அறுந்திருந்தாலும் இதே குறியீடுதான் வரும். சென்ற ஆண்டைப் போல ஏமாறாமல் முதலில் சோதித்துப் பார்ப்போம்.”

உணரியின் பணி

1985ஆம் ஆண்டு மலேசியாவின் முதல் தேசிய மகிழுந்தான புரோட்டோன் சாகா அறிமுகமானது. அதன் இயந்திரத்திற்குத் தேவையான பெட்ரோலையும் காற்றையும் கார்புரேட்டர் என்னும் பாகம் கலந்து அனுப்பியது. குளிர்ந்த இயந்திரத்தில் பெட்ரோல் எளிதில் ஆவியாவதில்லை. ஆகவே, அதற்குச் சற்று மிகுதியான பெட்ரோல் தேவைப்படும். அக்காலத்து மகிழுந்துகள் பலவற்றில் ஓட்டுநரே ‘சோக்’ எனப்படும் குமிழை இழுத்து அந்தத் தேவையை நிறைவு செய்தார். இயந்திரம் சூடானதும் அக்குமிழை மறவாமல் உள்ளே தள்ளிவிட வேண்டும். மறந்துவிட்டால் எரிபொருள் வீணாகும். புகைக்குழாயிலிருந்து கரும்புகையும் வெளிவரும்.

இன்றைய மகிழுந்துகளில் அந்த வேலையைக் கணினி செய்கிறது. எவ்வளவு எரிபொருளைச் செலுத்துவது, எப்போது தீப்பொறியை உண்டாக்குவது, மின்விசிறியை எப்போது சுழலவிடுவது ஆகியவற்றை அதுவே தீர்மானிக்கிறது. எனினும், கணினிக்குக் கண்ணும் இல்லை, தோலும் இல்லை. இயந்திரம் சூடாக இருக்கிறதா, குளிர்ந்திருக்கிறதா என்பதை அதனால் தானாக அறிய முடியாது. அதற்குச் செய்தி சொல்பவையே உணரிகள். பட்டறைகளில் இவற்றை ‘சென்சார்’ என்பர். காற்றின் அளவு, புகையிலுள்ள ஆக்ஸிஜன், இயந்திரத்தின் சுழற்சி, திரவத்தின் வெப்பநிலை என ஒவ்வொன்றையும் கவனிப்பதற்குத் தனித்தனி உணரிகள் உள்ளன.

குறியீட்டைப் படித்தல்

மகிழுந்துகள் தங்கள் குறைகளைத் தாங்களே பதிவு செய்து, பொதுவான குறியீடுகளில் தெரிவிக்கும் முறை அமெரிக்காவில் 1996ஆம் ஆண்டு முதல் புதிய மகிழுந்துகள் அனைத்திற்கும் கட்டாயமாக்கப்பட்டது. ஐரோப்பிய ஒன்றியம் 2001ஆம் ஆண்டு முதல் பெட்ரோல் மகிழுந்துகளுக்கு அதனைக் கட்டாயமாக்கியது. புகையால் காற்று மாசுபடுவதைக் கட்டுப்படுத்துவதே இதன் முதன்மையான நோக்கமாகும். ‘ஓபிடி’ எனப்படும் இம்முறைக்கான 16 முனைகள் கொண்ட இணைப்பான், பெரும்பாலும் ஓட்டுநரின் முழங்காலுக்கு அருகே, முகப்புப் பலகையின் கீழே அமைந்திருக்கும். அதில் ஸ்கேனரைப் பொருத்தினால் குறியீட்டைப் படிக்கலாம். சில ஸ்கேனர்கள் புளூடூத் வழியாகத் திறன்பேசிக்கே தகவலை அனுப்புகின்றன.

குறியீட்டின் ஒவ்வோர் எழுத்துக்கும் பொருள் உண்டு. முதலில் வரும் ‘பி’ இயந்திரத்தையும் அதன் ஆற்றலைச் சக்கரங்களுக்குக் கொண்டு செல்லும் பாகங்களையும் குறிக்கும். அடுத்து வரும் ‘0’ எல்லா நிறுவனங்களுக்கும் பொதுவான குறியீடு என்பதைக் காட்டும். மூன்றாம் இடத்திலுள்ள ‘1’ எரிபொருள், காற்று ஆகியவற்றின் அளவீட்டைச் சார்ந்தது. இறுதியில் உள்ள ‘18’ குறிப்பிட்ட குறையைச் சுட்டும். பி0118 என்றால், குளிர்விப்புத் திரவ வெப்பநிலை உணரியின் மின்சுற்றிலிருந்து வரும் மின்னழுத்தம் அளவுக்கு மீறி உயர்ந்துள்ளது என்பது பொருள். மகள் சொன்னது சரிதான். குறியீடு ஒரு தெருவின் பெயரைத்தான் தருகிறது. வீட்டு எண்ணைத் தருவதில்லை.

வெப்பம் மின்தடையாக மாறும் விதம்

இந்த உணரி பெருவிரல் அளவே இருக்கும். அதன் நுனி குளிர்விப்புத் திரவத்தில் மூழ்கியிருக்கும். நுனியின் உள்ளே வெப்பத்திற்கு ஏற்பத் தன் மின்தடையை மாற்றிக்கொள்ளும் ஒரு சிறு துண்டு உள்ளது. சாதாரண உலோகக் கம்பி சூடானால் அதன் மின்தடை கூடும். இத்துண்டோ அதற்கு நேர்மாறானது. வெப்பம் கூடக் கூட இதன் மின்தடை குறையும். பல மகிழுந்துகளில் 20 பாகை செல்சியஸில் சுமார் 2,500 ஓம் ஆக இருக்கும் மின்தடை, 80 பாகையில் 300 ஓம் அளவிற்கு இறங்கிவிடுகிறது.

கணினி இவ்வுணரிக்கு 5 வோல்ட் மின்னழுத்தத்தை ஒரு நிலையான மின்தடையின் வழியாக அனுப்புகிறது. உணரியின் மின்தடை உயர்ந்தால் கணினி காணும் மின்னழுத்தமும் உயரும். குறைந்தால் அதுவும் குறையும். இம்மின்னழுத்தத்தைக் கொண்டே கணினி வெப்பநிலையைக் கணக்கிடுகிறது. சுற்று எங்கேனும் அறுபட்டுவிட்டால், மின்னழுத்தம் ஏறத்தாழ 5 வோல்ட்டில் நின்றுவிடும். அதனைக் கணினி மிகக் கடுமையான குளிராகக் கொள்கிறது. அதனால்தான், இத்தகைய பழுதின்போது பல ஸ்கேனர்கள் சுழியத்திற்குக் கீழ் 40 பாகை என்று காட்டுகின்றன. தைப்பிங்கில் அப்படியொரு குளிர் வர வழியே இல்லை! அளவு நம்பத்தக்கதன்று என்பதை உணர்ந்த கணினி, இயந்திரம் அளவுக்கு மீறிச் சூடாகிவிடக்கூடாது என்பதற்காக மின்விசிறியை ஓயாமல் ஓட்டுகிறது. காலையிலேயே மின்விசிறி சுழன்றதற்குக் காரணம் இதுவே.

நான்கு சோதனைகள்

வாங்குவதற்கு முன் சோதிப்பது என்று தந்தையும் மகளும் முடிவு செய்கின்றனர். முதலில் குறியீட்டையும், அது பதிவான வேளையில் இயந்திரம் இருந்த நிலையையும் ஒரு தாளில் எழுதி வைக்கின்றனர். குறியீட்டை அழித்துவிட்டால் அத்தகவலும் அழிந்துவிடும் என்பதே இதற்குக் காரணம்.

முதல் சோதனைக்குக் கண்களே போதும். இயந்திரம் முழுமையாகக் குளிர்ந்த பின்னர், சாவியை அணைத்துவிட்டு, உணரியின் இணைப்பானைப் பார்க்க வேண்டும். கம்பி அறுந்திருக்கிறதா? எலி கடித்திருக்கிறதா? முனைகளில் பச்சை நிறத் துரு படிந்திருக்கிறதா? திரவம் கசிந்த தடம் தெரிகிறதா? பழுதுகள் பலவற்றிற்கு இந்தப் பார்வையிலேயே விடை கிடைத்துவிடுவதுண்டு. இங்கே இணைப்பான் தூய்மையாக இருக்கிறது.

இரண்டாவது, காலை நேரச் சோதனை. இரவு முழுவதும் நின்ற மகிழுந்தில் குளிர்விப்புத் திரவமும் உள்ளிழுக்கப்படும் காற்றும் ஏறத்தாழ ஒரே வெப்பநிலையில் இருக்க வேண்டும். இயந்திரத்தை இயக்காமல் சாவியை மட்டும் திருப்பி, ஸ்கேனரில் இரண்டையும் ஒப்பிட வேண்டும். காற்றின் வெப்பநிலை 27 பாகை என்று தெரிகிறது. திரவத்தின் வெப்பநிலையோ சுழியத்திற்குக் கீழ் 40 பாகை! பிழை உண்மையானதுதான் என்பது உறுதியாகிறது. ஆனால், அது உணரியில் உள்ளதா, கம்பியில் உள்ளதா?

மூன்றாவது சோதனைதான் இதற்கு விடை தருகிறது. சாவியை அணைத்து, உணரியிலிருந்து இணைப்பானைக் கழற்றி, கம்பிப் பக்கத்திலுள்ள இரண்டு முனைகளையும் ஒரு சிறு கம்பித் துண்டால் இணைக்க வேண்டும். பின்னர் மீண்டும் சாவியைத் திருப்ப வேண்டும். இப்போது சுற்றில் மின்தடையே இல்லாததால் கணினி அதனைக் கடும் வெப்பமாகக் காண வேண்டும். திரையில் எண் 120 பாகைக்கும் மேலே தாவினால் கம்பியும் கணினியும் நலமாக உள்ளன, குறை உணரியில்தான். எண் மாறாமல் அப்படியே நின்றால், புதிய உணரியை வாங்கினாலும் பயனில்லை. பழுது கம்பியிலோ இணைப்பிலோ இருக்கிறது. இரண்டு முனைகள் மட்டுமே கொண்ட வெப்பநிலை உணரிக்கே இச்சோதனை பொருந்தும். மூன்று முனைகள் கொண்ட உணரிகளில் இவ்வாறு செய்தால் மின்சுற்றுக்குக் கேடு விளையலாம். மேலும், இச்சோதனையின்போது மின்விசிறி திடீரெனச் சுழலக்கூடும். கைகளை அதன் அருகே கொண்டு செல்லக்கூடாது.

தந்தை கம்பித் துண்டை வைக்கிறார். மகள் திரையைப் பார்க்கிறாள். “ஏறிவிட்டது, அப்பா!” என்கிறாள். கம்பியின் மீதிருந்த ஐயம் நீங்குகிறது.

நான்காவது சோதனை உறுதிப்படுத்துவதற்கானது. மல்டிமீட்டரை ஓம் அளவில் வைத்து, உணரியின் இரண்டு முனைகளையும் தொட்டுப் பார்க்க வேண்டும். 27 பாகையில் ஏறத்தாழ 2,000 ஓமை ஒட்டிய அளவு வர வேண்டும். மல்டிமீட்டரோ சுற்று அறுபட்டிருப்பதைக் காட்டுகிறது. உணரியின் உள்ளிருக்கும் இணைப்பு துண்டிக்கப்பட்டுவிட்டது. இப்போதுதான் “உணரி கெட்டுவிட்டது” என்று சொல்லும் தகுதி அவர்களுக்குக் கிடைக்கிறது.

புதியதையும் சோதித்தல்

உணரிகள் பார்வைக்கு ஒன்றுபோலவே இருந்தாலும் அவற்றின் அளவுகள் வேறுபடும். ஆகையால், மகிழுந்தின் மாதிரி, தயாரிப்பு ஆண்டு, பாகத்தின் எண் ஆகியவற்றைக் குறித்துக்கொண்டே கடைக்குச் செல்ல வேண்டும்.

வாங்கி வந்த உணரியையும் அப்படியே நம்பிவிட வேண்டியதில்லை. ஒரு பழைய தகர டப்பாவில் நீர் ஊற்றி, உணரியின் நுனியை மட்டும் அதில் மூழ்கவிட்டு, வெப்பமானியையும் அருகில் வைத்து நீரை மெல்லச் சூடாக்கலாம். 30 பாகையில் சுமார் 1,700 ஓம், 60 பாகையில் சுமார் 600 ஓம், 80 பாகையில் சுமார் 320 ஓம் எனப் பல உணரிகளில் அளவு குறைந்துகொண்டே வரும். சரியான அளவுகளை அந்தந்த மகிழுந்தின் பழுதுபார்ப்புக் கையேட்டில் காணலாம். இவ்வளவுகளை வரைபடமாக வரைந்தால் நேர்க்கோடு கிடைக்காது. முதலில் செங்குத்தாகவும் பிறகு மெதுவாகவும் இறங்கும் வளைகோடுதான் கிடைக்கும். பள்ளி ஆய்வகத்தில் செய்யும் ஒரு சோதனை, வீட்டு வாசலிலேயே நிறைவேறிவிடுகிறது.

மாற்றும் பணி

பணியைத் தொடங்குமுன் மறக்கக்கூடாத விதி ஒன்று உண்டு. இயந்திரம் முழுமையாகக் குளிர்ந்திருக்க வேண்டும். குளிர்விப்புத் திரவம் அழுத்தத்தில் அடைக்கப்பட்டிருக்கிறது. அதனால் 100 பாகையைக் கடந்தும் அது கொதிக்காமல் இருக்கும். பிரஷர் குக்கரை ஆவி அடங்கும் முன் திறக்கக்கூடாது என்பது எல்லா வீடுகளிலும் தெரிந்த செய்தி. ரேடியேட்டரின் மூடியும் அப்படித்தான். சூடாக இருக்கும்போது திறந்தால் அழுத்தம் சட்டெனக் குறைந்து, திரவம் அந்தக் கணமே கொதித்துப் பீறிடும். முகமும் கைகளும் வெந்துபோகும். உணரியைக் கழற்றுவதும் அதே திரவத்திற்கு வழி திறப்பதுதான்.

குளிர்ந்த இயந்திரத்தில் மூடியை மெல்லத் திறந்து மூட வேண்டும். எஞ்சிய அழுத்தம் இருந்தால் அது வெளியேறிவிடும். பிறகு, சாவியை அணைத்த நிலையில் இணைப்பானின் பூட்டை அழுத்திக் கழற்ற வேண்டும். கம்பியைப் பிடித்து இழுக்கக்கூடாது. புதிய உணரியையும் அதன் வளையத்தையும் கையருகே தயாராக வைத்துக்கொண்டு, சரியான அளவுள்ள ஸ்பேனரால் பழையதைத் தளர்த்த வேண்டும். பழையதை எடுத்தவுடன் புதியதை வைத்துவிட்டால் சிறிதளவு திரவமே வெளியேறும். கீழே ஒரு தட்டை வைத்து அதைப் பிடித்துக்கொள்ள வேண்டும். முதலில் கையாலேயே திருக வேண்டும். மறை கோணலாக ஏறினால் இயந்திரத்தின் பாகமே கெட்டுவிடும். பிறகு கையேடு கூறும் அளவிற்கு மட்டும் இறுக்க வேண்டும். ‘இன்னும் கொஞ்சம்’ என்று ஆசைப்பட்டு இறுக்கினால் பிளாஸ்டிக் அல்லது அலுமினிய உறை வெடித்துவிடும்.

குளிர்விப்புத் திரவம் பலவற்றில் எத்திலின் கிளைக்கால் என்னும் வேதிப்பொருள் உள்ளது. அது இனிப்புச் சுவை உடையது, ஆனால் நஞ்சு. சிந்திய திரவத்தைப் பூனையோ நாயோ நக்கிவிடாதபடி உடனே துடைக்க வேண்டும். சேர்ந்த திரவத்தைக் கால்வாயில் ஊற்றிவிடக்கூடாது.

குறைந்த திரவத்தை நிரப்பி, உள்ளே சிக்கிய காற்றைக் கையேட்டில் உள்ளபடி வெளியேற்றிய பின், குறியீட்டை அழித்து இயந்திரத்தை இயக்கலாம். மகள் ஸ்கேனரைப் பார்க்கிறாள். 29 பாகையில் தொடங்கிய எண் 40, 60, 80 எனச் சீராக ஏறி 90 பாகையை நெருங்குகிறது. மின்விசிறி அமைதியாக இருக்கிறது. இயந்திரம் போதிய அளவு சூடான பிறகே சுழன்று, சற்று நேரத்தில் நிற்கிறது. உணரியைச் சுற்றிக் கசிவு ஏதுமில்லை. ஆனால், பணி அன்றோடு முடிந்துவிடவில்லை. சில நாள்கள் ஓட்டிய பிறகும் விளக்கு எரியாமல் இருந்தால்தான் பழுது நீங்கியதாகக் கொள்ள முடியும். குறியீட்டை அழிப்பது பழுதை நீக்குவது ஆகாது. சுவரிலுள்ள நாள்காட்டியைக் கிழித்துவிட்டால் கடன் கட்டும் நாள் தள்ளிப்போகுமா?

வீட்டுப் பணியின் எல்லை

எல்லாவற்றையும் வீட்டிலேயே செய்துவிடலாம் என்பது இதன் பொருளன்று. மஞ்சள் விளக்கு நிலையாக எரிந்தால் கவனத்துடன் ஓட்டிச் சென்று விரைவில் சோதிக்கலாம். அது சிமிட்டிக்கொண்டே இருந்தால், எரிபொருள் சரியாக எரியாமல் புகை வடிகட்டும் பாகத்தைச் சேதப்படுத்தக்கூடும் என்பது பொருள்; வேகத்தைக் குறைத்துப் பாதுகாப்பான இடத்தில் நிறுத்த வேண்டும். சிவப்பு நிற வெப்ப எச்சரிக்கை விளக்கு எரிந்தால் உடனே நிறுத்த வேண்டும். பிரேக், காற்றுப்பை ஆகியவற்றின் பழுதுகளையும், ஹைபிரிட் மகிழுந்துகளில் செம்மஞ்சள் நிறத்தில் செல்லும் உயர் மின்னழுத்தக் கம்பிகளையும் பயிற்சி பெற்றவர்களே கையாள வேண்டும். மாணவர்கள் எந்தச் சோதனையையும் பெரியவர்கள் உடனிருக்கும்போது மட்டுமே செய்ய வேண்டும்.

பட்டறைக்குச் செல்ல நேர்ந்தாலும் இந்த அறிவு வீண்போவதில்லை. “விளக்கு எரிகிறது, பாருங்கள்” என்று சொல்பவருக்கும், “இந்தக் குறியீடு வந்தது, கம்பியைச் சோதித்தோம், அது நலமாக உள்ளது” என்று சொல்பவருக்கும் வேறுபாடு உண்டு. நேர்மையான பழுதுபார்ப்பாளருக்கு இரண்டாமவரின் சொல் வேலையை எளிதாக்கும். தேவையற்ற பாகத்தை மாற்ற எண்ணுபவருக்கோ அச்சொல் ஓர் எச்சரிக்கையாக அமையும்.

நோயையும் அதன் மூல காரணத்தையும் ஆராய்ந்த பிறகே மருந்தளிக்க வேண்டும் என்று திருவள்ளுவர் ‘மருந்து’ அதிகாரத்தில் அறிவுறுத்துகிறார். அது மனிதரின் நோய்க்குக் கூறப்பட்டது. மகிழுந்துக்கும் அந்த ஒழுங்கு பொருந்தும். மறுநாள் விடியற்காலையில் பாட்டியை ஏற்றிக்கொண்டு மகிழுந்து வீட்டை விட்டுப் புறப்படுகிறது. முகப்புப் பலகையின் விளக்குகள் எல்லாம் ஒளிர்ந்து, ஒவ்வொன்றாக அணைகின்றன. மஞ்சள் விளக்கும் அணைகிறது.